கத்தினா எழுதிடுவாங்க

இது நடந்தது. என் கண்ணெதிரே, என் காதுக்குள்ளே நடந்தது. நான் ஒலிப்பதிவு செய்கிறவள். கேட்டதைக் கேட்டபடி பதிவதுதான் என் பிழைப்பு. கூட்டிச் சொல்ல எனக்குத் தெரியாது. நம்பாதவர்கள் இத்தோடு நிறுத்திக்கொள்ளலாம், எனக்கு வருத்தமில்லை. ஒரே ஒரு ஆளை நம்பவைக்க நான் பட்ட பாடு போதும்.

பேய் என்றால் நடுநிசி, மழை, மின்வெட்டு என்று எதிர்பார்க்கிறவர்களுக்கும் ஏமாற்றமாக இருக்கும். அன்று வியாழக்கிழமை. மத்தியானம் ஒன்று பத்து. வெளியே வெயில் கொளுத்திக்கொண்டிருந்தது. வார்டில் எல்லோரும் சாப்பிட்டு, மாத்திரை விழுங்கிவிட்டுத் தூங்கிக்கொண்டிருந்தார்கள்.

மத்திய ஜாவாவில் ஒரு மலையடிவார ஊர். அங்கே ஒரு மனநல மருத்துவமனை. பெயரைச் சொல்ல மாட்டேன். உள்ளே இருப்பவர்களின் வாழ்க்கையைப் பற்றி இருபது நிமிடக் குறும்படம் எடுக்கப் போயிருந்தோம். மொத்தமே இரண்டு பேர். இயக்கமும் கேமராவும் ஹெந்த்ரோ. ஒலி நான்.

ஹெந்த்ரோ கெட்டவர் என்று சொல்லிவிட்டால் எனக்குச் சுலபமாக இருக்கும். அப்படிச் சொல்ல முடியாது. எல்லா நோயாளிகளின் பெயரும் அவருக்குத் தெரியும். வரும்போதெல்லாம் ஆரஞ்சுப் பழம் வாங்கி வருவார். ஒரு கிழவி தன் மகனைப் பற்றிப் பேசியபோது அழுதார். அழுதுகொண்டே ஃபோகஸ் சரிசெய்தார். அதை நான் பார்த்தேன். அன்றே எனக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். எனக்குக் கோபம் எப்போதும் தாமதமாகத்தான் வரும். எல்லாம் முடிந்து, எல்லோரும் வீட்டுக்குப் போன பிறகு, பாத்திரம் கழுவும்போது வரும்.

நான்காவது நாள் அவர் ருமினியைக் கேட்டார்.

ருமினிக்கு இருபத்தொன்பது வயது. இரண்டு வருடமாக உள்ளே இருந்தாள். வந்தபோது ஒட்ட வெட்டிய முடி இப்போது தோளைத் தொட்டிருந்தது. முதல் நாள் என் ஹெட்போனைப் பார்த்துவிட்டு, "அக்கா, உங்களுக்கும் குரல் கேக்குதா? பாவம், உங்களுக்கு பேட்டரி வேற வேணும். எனக்கு ஓசியிலேயே கேட்டுச்சு" என்றாள். நான் சிரித்த சிரிப்பில் அன்றைய பதிவே கெட்டுப்போனது.

அவளுக்கு நோய் தணிந்துவிட்டது. டாக்டர் ஹர்சோனோ வீட்டுக்கு அனுப்பக் கையெழுத்துப் போட்டுவிட்டார். திங்கட்கிழமை அவள் அண்ணன் வருகிறான். அவன் கடலுக்கு அந்தப் பக்கம், லாம்புங்கில் ஒரு தோட்டத்தில் வேலை பார்க்கிறவன். படகு, பஸ், மறுபடி பஸ். நான்கு நாள் லீவு. இந்தத் திங்கள் விட்டால் அடுத்த வருடம்தான். இதை அவள் ஒரு நாளைக்குப் பத்துத் தடவை சொல்வாள்.

ஹெந்த்ரோவுக்கு வேண்டியிருந்தது ஒரு காட்சி. பின்கட்டில் ஒரு தனியறை. அந்த மருத்துவமனையில் ஆட்களைக் கட்டிப்போடுவதை நிறுத்திப் பல வருடமாகிவிட்டது. அறையில் கிழிந்த மெத்தைகளைப் போட்டு வைத்திருந்தார்கள். நடுவில் தரையோடு திருகிய ஒரு இரும்புக் கட்டில் மட்டும் இருந்தது.

"அதான் இப்ப யாரையும் கட்டுறதில்லையே, அண்ணே" என்றேன்.

"கட்டாத ஆஸ்பத்திரியை யாரு பாப்பாங்க, வெனிங்? முன்னாடி கட்டினாங்கதானே? அது உண்மைதானே? உண்மையைத்தான் காட்டுறோம்."

"ருமினி மாட்டேன்னு சொன்னா?"

"சொல்ல மாட்டா."

சொல்லவில்லை. ஏன் என்று அவளே பிறகு என்னிடம் சொன்னாள். அங்கே மறுப்பதும் எழுதப்படும். வார்டு மேசையில் ஒரு பெரிய நோட்டு இருக்கும். சாப்பிட்டாள், சாப்பிடவில்லை, தூங்கினாள், சிரித்தாள், ஒத்துழைக்க மறுத்தாள்... எல்லாம் மணி போட்டு எழுதப்படும். திங்கட்கிழமை காலையில் டாக்டர் அந்த நோட்டைத்தான் புரட்டுவார்.

அவள் ஒரே ஒரு நிபந்தனை வைத்தாள்.

"கட்டிக்குங்க சார். பத்து நிமிஷம் கெடக்குறேன். ஆனா கத்த மாட்டேன். கத்தினா எழுதிடுவாங்க."

ஹெந்த்ரோ தலையாட்டினார்.

கட்டுவதற்கு நர்ஸ் குஸ்தினாவை வரச்சொன்னோம். ஐம்பத்தேழு வயது. ஓய்வுக்கு மூன்று மாதம் இருந்தது. வாயாடி. காலையில்தான் ஹெந்த்ரோவின் தாடியைப் பார்த்து, "எங்க ஆண்கள் வார்டுல ஒரு கட்டில் காலியா இருக்கு தம்பி, ஷேவிங்கும் பண்ணிவிடுவோம்" என்று கிண்டல் செய்தாள். பின்கட்டு அறை என்றதும் பேச்சு நின்றது. சாவி இல்லை என்றாள். ஹெந்த்ரோ அலுவலகத்திலிருந்து வாங்கி வந்தார். இடுப்பு வலி என்றாள். அவர் நாற்காலி எடுத்துப் போட்டார்.

பழைய படுக்கை விரிப்பைக் கிழித்த பட்டைகள். இரண்டு கை, இரண்டு கால். ஒரே இழுப்பில் அவிழும் முடிச்சு போட்டாள். இழுத்தும் காட்டினாள்.

"பத்தே நிமிஷம், ருமினி" என்றார் ஹெந்த்ரோ.

குஸ்தினா திரும்பிப் பார்த்தாள். அந்தப் பார்வை எனக்கு இன்னும் ஞாபகம் இருக்கிறது.

"நேரம் சொல்லாதீங்க" என்றாள். "கட்டும்போது நேரம் சொல்லக் கூடாது."

"ஏன்?"

அவள் கதவருகே போய் நின்றுகொண்டாள். எங்களுக்கு முதுகைக் காட்டி. முகம் கதவைப் பார்த்து.

ஒன்று பதினான்கு. கதவை மூடினோம். வார்டுச் சத்தம் நின்றது. ஜன்னல் கிடையாது. கதவுக்கு மேலே ஒரு கம்பித் துவாரம், அதன் வழியே கொஞ்சம் வெயில்.

ஒன்று பதினேழு. கேமரா ஓடத் தொடங்கியது. நான் கட்டிலின் கால்மாட்டில் நின்றேன். என் இடது காதில் ருமினியின் காலரில் குத்திய சின்ன மைக். அவள் மூச்சு, துணி உரசல், எச்சில் விழுங்குவது. வலது காதில் நான் கையில் பிடித்திருந்த நீளக் கோல் மைக். அறையின் சத்தம் முழுக்க.

ஒன்று பத்தொன்பது.

வலது காதில் இன்னொரு மூச்சு.

ஹெந்த்ரோ என்று நினைத்தேன். அவர் ருமினியின் மணிக்கட்டுக்கு மிக அருகே லென்ஸை வைத்து, மூச்சைப் பிடித்துக்கொண்டிருந்தார். குஸ்தினா? கோலை மெதுவாகக் கதவுப் பக்கம் திருப்பினேன். மூச்சு குறைந்தது. சுவர்ப் பக்கம் திருப்பினேன். இன்னும் குறைந்தது. கட்டிலுக்கு மேலே கொண்டுவந்தேன்.

அங்கேதான்.

ருமினிக்கு ஒரு சாண் மேலே. ஒன்றும் இல்லாத இடத்தில். யாரோ மல்லாந்து படுத்து மூச்சு விடுவது போல... மெதுவாக... மூக்கால் மட்டும்.

வயர் பிரச்சினை என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். வயரை அசைத்துப் பார்த்தேன். மூச்சு அசையவில்லை.

ஒன்று இருபத்திரண்டு. இரும்பு கிறீச்சிட்டது. தரையோடு திருகிய கட்டில் அது. ருமினி அசையவில்லை. மேலே பார்த்துக்கொண்டு கிடந்தாள். அவள் முகத்தில் பயம் இல்லை. யோசனை இருந்தது. யாரோ ஏதோ சொல்வதைக் கேட்கிறவளின் முகம்.

ஒன்று இருபத்தாறு.

"ஒரு மணி நேரம்னு சொன்னீங்களே..."

வலது காதில். பெண் குரல். கெஞ்சல் இல்லை, அழுகை இல்லை. பஸ் வரவில்லை என்று விசாரிப்பது போல.

நான் ருமினியின் உதட்டைப் பார்த்தேன். மூடியிருந்தது.

"ஒரு மணி நேரம்னுதானே சொன்னீங்க..."

மூடியேதான் இருந்தது.

கதவருகே குஸ்தினாவின் தோள் ஒருமுறை குலுங்கியது. அவளிடம் ஹெட்போன் இல்லை.

ஒன்று இருபத்தொன்பது. ஹெந்த்ரோ கிசுகிசுத்தார்.

"ருமினி, சின்னதா ஒரு தடவை. ஒரே தடவை கத்து."

"மாட்டேன் சார். சொல்லிட்டேனே."

"சின்னதா."

"சின்னதா கத்தினாலும் பெருசாத்தான் எழுதுவாங்க."

அவர் அவள் கையைப் பிடித்தார். பட்டையை இன்னும் இறுக்கினார். அவள் முகம் சுளித்தது. உதட்டைக் கடித்துக்கொண்டாள்.

நான் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். இரண்டு கையாலும் கோலைப் பிடித்தபடி.

ஒன்று முப்பத்தொன்று.

கத்தல்.

எப்படி எழுதுவது அதை...

அது மனிதத் தொண்டைதான்.

ஹெட்போனில் மட்டும் இல்லை. அறையில். சுவரில். என் பல்லில்.

ருமினியின் வாய் மூடியிருந்தது.

ஹெந்த்ரோ லென்ஸில் கையைப் பார்த்துக்கொண்டிருந்தார். குஸ்தினா கதவைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

வாயைப் பார்த்தவள் நான் ஒருத்தி.

மூடியிருந்தது.

கத்தல் நிற்கவில்லை.

ஒன்று முப்பத்திரண்டு...

நிற்கவில்லை.

ஒன்று முப்பத்துமூன்றுக்கு நின்றது. யாரோ கையால் பொத்தியது போல.

குஸ்தினா கட்டிலுக்கு ஓடிவந்து முடிச்சை இழுத்தாள். வரவில்லை. மறுபடி இழுத்தாள்.

"இது நான் போட்டது இல்ல... நான் இப்படிப் போடல..."

ஒற்றை முடிச்சு போட்ட இடத்தில் மூன்று முடிச்சு இருந்தது. நான்கு பட்டையிலும். கத்தரிக்கோல் கொண்டுவந்து வெட்ட வேண்டியதாயிற்று.

அதற்குள் வார்டிலிருந்து ஆட்கள் வந்துவிட்டார்கள். ருமினி எழுந்து உட்கார்ந்து, நிதானமாக, "நான் இல்லங்க. நான் கத்தல" என்றாள். இரண்டு பேர் அவள் தோளைப் பிடித்தார்கள். "நான் இல்லன்னு சொல்றேன்ல!" என்று இரண்டாவது தடவை கொஞ்சம் சத்தமாகச் சொன்னாள். ஊசி போட்டார்கள். அவள் தலை தொங்குவதற்குமுன் என்னைப் பார்த்தாள்.

"அக்கா, நீங்க பாத்தீங்கல்ல?"

நான் வாயைத் திறக்கவில்லை. இதை எழுதுவதே அதைச் சொல்லத்தான் என்று நினைக்கிறேன். ஒரு ஆவி கத்தியது. உயிரோடிருந்த நான் பேசவில்லை.

நோட்டில் எழுதினார்கள். நான் எட்டிப் பார்த்தேன். *1:31. ருமினி, கட்டுக்கடங்காத கூச்சல். கத்தியதை மறுக்கிறாள். ஊசி போடப்பட்டது. திங்கட்கிழமை வீட்டுக்கு அனுப்புவது நிறுத்தி வைக்கப்படுகிறது.*

மாலை ஐந்து நாற்பதுக்கு விடுதியில் உட்கார்ந்து பதிவைக் கேட்டேன். முதலில் வலது காது. கத்தல் இருந்தது, இரண்டு நிமிடம் நான்கு நொடி. பிறகு இடது காது, ருமினியின் காலர் மைக். அதில் கத்தல் இல்லை. அவள் கழுத்திலிருந்து நான்கு விரல் தூரத்தில் குத்தியிருந்த மைக் அது. அவள் மூச்சு மட்டும் சீராகக் கேட்டது. நடுவே, மூடிய வாய்க்குள்ளேயே ஒரு முணுமுணுப்பு. "நான் இல்ல... நான் இல்ல... நான் இல்ல..."

ஒரே ஆள் ஒரே நேரத்தில் கத்தவும் முணுமுணுக்கவும் முடியாது. ஹெந்த்ரோவைக் கேட்கவைத்தேன். அவர் இரண்டையும் கேட்டார். பிறகு சொன்னார்.

"அந்தக் கத்தல்... பொக்கிஷம், வெனிங். படமே அதுதான்."

"அது ருமினி இல்ல அண்ணே."

"வேற யாரு? கதவு மூடியிருந்துச்சு."

"இடது பக்கம் கேட்டீங்கதானே?"

"இடது பக்கம் யாருக்கு வேணும்? அழிச்சிடு."

"அவ திங்கட்கிழமை போகணும்."

"போவா. அடுத்த வருஷம் போவா. படம் வந்தா இந்த மாதிரி நூறு ருமினிக்கு நல்லது நடக்கும், யோசிச்சுப் பாரு."

அப்போதுதான் வந்தது. இந்த முறை பாத்திரம் கழுவும்வரை காத்திருக்கவில்லை. ரெக்கார்டரைப் பைக்குள் போட்டுக்கொண்டு அறைக்குப் போய்த் தாழ்ப்பாள் போட்டேன். அவர் கதவைத் தட்டினார். கெஞ்சினார், திட்டினார். நான் திறக்கவில்லை.

வெள்ளிக்கிழமை காலை ஒன்பது ஐந்துக்கு டாக்டர் ஹர்சோனோவின் அறை. எட்டு வருடமாக அங்கே இருப்பவர். சலித்த மனிதர். கேட்டுக்கொண்டே கையெழுத்துகள் போட்டுக்கொண்டிருந்தார்.

"ருமினி கத்தல. சரி. யாரு கத்தினது?"

"தெரியல டாக்டர். அறையில யாரும் கத்தல."

"ஆனா கத்தல் கேட்டுச்சு."

"ஆமா."

பேனாவை வைத்தார். லேசாகச் சிரித்தார்.

"இங்க அட்மிஷன் படிவத்துல முதல் கேள்வி என்ன தெரியுமாம்மா? ஆள் இல்லாத இடத்துல குரல் கேக்குதா. ஆமான்னு சொன்னா நான் அடுத்த பக்கம் திருப்பணும்."

அவர் விளையாட்டாகத்தான் சொன்னார். அந்த நாற்காலியில் உட்கார்ந்து ருமினி இரண்டு வருடமாக என்ன சொல்லிப் பார்த்திருப்பாள் என்று புரிந்தது. உண்மையைச் சொன்னால் நோய். மறுத்தாலும் நோய்.

"திருப்புங்க" என்றேன். "கேக்குதுன்னே எழுதிக்குங்க. ஆனா முதல்ல நீங்க கேளுங்க."

ஹெட்போனை அவர் தலையில் நானே மாட்டிவிட்டேன். இடது காது. வலது காது. அவர் முகம் மாறவில்லை. மறுபடி போடச் சொன்னார். மூன்றாவது தடவை கேட்டுவிட்டு, குஸ்தினாவைக் கூப்பிட்டனுப்பினார்.

குஸ்தினா ஹெட்போனை வாங்கவில்லை.

"எனக்கு வேணாம் டாக்டர். நான் கேட்டுட்டேன். ஒரு மணி நேரம்னு கணக்குச் சொன்னாள்ல?"

டாக்டர் என்னைப் பார்த்தார். கத்தலை மட்டும்தான் அவருக்குப் போட்டுக் காட்டியிருந்தேன். ஒன்று இருபத்தாறுக்குக் கேட்டதை இன்னும் போடவில்லை.

"யாரும்மா அது?"

"வர்சித்தி" என்றாள் குஸ்தினா. நாற்காலியில் உட்காரவில்லை. நின்றுகொண்டே சொன்னாள்.

இரண்டாயிரமாவது வருடம். அந்த வருடம் கிறிஸ்துமஸும் நோன்புப் பெருநாளும் ஒரே வாரத்தில் வந்தன. எங்கள் பக்கத்து ஆஸ்பத்திரிகளில் ஒரு வழக்கம் உண்டு. பெருநாளுக்குக் கிறிஸ்தவ நர்ஸுகள் வேலைக்கு நிற்பார்கள். கிறிஸ்துமஸுக்கு முஸ்லிம் நர்ஸுகள் நிற்பார்கள். யாரும் பட்டியல் போடுவதில்லை. காலங்காலமாக அப்படியே நடக்கும்.

"இருபத்திநாலாம் தேதி பெரிய ஆளுங்க வந்திருந்தாங்க, பண்டிகைத் துணிமணி குடுக்க. வர்சித்தி சத்தம் போட்டுக்கிட்டிருந்தா. பின்கட்டுல கொண்டு போயிக் கட்டச் சொன்னாங்க. நான்தான் கட்டினேன். ஒரு மணி நேரம்தாண்டின்னு சொன்னேன். சரிக்கான்னு சொன்னா. ரெண்டு மணிக்கு எனக்கு ஊருக்கு பஸ்சு. பெருநாளாச்சே, கிறிஸ்தவ நர்ஸுங்க வந்து அவுத்துவிடுவாங்கன்னு நான் போயிட்டேன். கிறிஸ்துமஸாச்சே, முஸ்லிம் நர்ஸுங்க நாங்க இருப்போம்னு அவங்க போயிட்டாங்க. ஆண்கள் வார்டுல ஒருத்தன் இருந்தான். அவன்தான் பொம்பளைங்களுக்கும் சோறு வெச்சான். ஒரு தலை கொறைஞ்சதைப் பாத்துட்டு, பண்டிகைக்கு வீட்டுல கூட்டிட்டுப் போயிட்டாங்கன்னு நெனச்சுக்கிட்டான்."

"சாவி?" என்றார் டாக்டர்.

"என் பையில இருந்துச்சு. ஊர்ல ஓலையில வெச்ச கெதுபாட் சோறு சாப்பிட்டு, எல்லார் கையையும் பிடிச்சு மன்னிப்புக் கேட்டு, பெருநாள் கொண்டாடிக்கிட்டு இருந்தேன். சாவி பையிலயே இருந்துச்சு. இருபத்தொன்பதாம் தேதி வந்து திறந்தேன்."

டாக்டர் பழைய கோப்பை எடுத்துவரச் சொன்னார். தூசி தட்டிப் பிரித்தார். *வர்சித்தி. மாரடைப்பு. தூக்கத்தில்.* அவ்வளவுதான். மணி போட்டு எல்லாம் எழுதுகிற நோட்டில் அந்த ஐந்து நாளுக்கு ஒரு வரிகூட இல்லை.

"இப்ப ஏம்மா சொல்றீங்க? மூணு மாசத்துல ஓய்வு. பென்ஷன் போயிடும்."

"அன்னிக்கு நான் மறுநாள் திங்கட்கிழமையே திரும்பியிருந்தா அவ பொழச்சிருப்பா. இந்தப் பொண்ணையாவது திங்கட்கிழமை விடுங்க."

டாக்டர் வார்டு நோட்டை வரவழைத்தார். வியாழக்கிழமைப் பக்கத்தில் ருமினியின் பெயருக்குக் குறுக்கே கோடு கிழித்து, பக்கத்தில் எழுதினார். *கத்தியது இவள் அல்ல.* கையெழுத்துப் போட்டார். யார் என்று எழுதவில்லை.

திங்கட்கிழமை ஒன்பது இருபதுக்கு ருமினியின் அண்ணன் வந்தான். முதுகுப் பையோடு, தூக்கமில்லாத கண்ணோடு. அவள் வாசலைத் தாண்டும்வரை யாருடனும் பேசவில்லை. தாண்டியதும் திரும்பி என்னைப் பார்த்துக் கத்தினாள், நிஜமாகவே, தெருவே திரும்பிப் பார்க்கும்படி.

"அக்கா! இதையும் எழுதிக்கச் சொல்லுங்க!"

ஹெந்த்ரோ அந்தப் படத்தை வேறு ஒரு ஒலிக்காரரை வைத்து முடித்தார். என் பதிவை நான் கொடுக்கவில்லை. அந்தக் காட்சி படத்தில் இருக்கிறது, சத்தமே இல்லாமல். அது மிகவும் கலைநயமாக இருப்பதாகச் சொல்கிறார்கள்.

ருமினி போன பிறகு குஸ்தினா என்னைப் பஸ் நிறுத்தம்வரை கொண்டுவந்து விட்டாள். பஸ் வரும்போது என் கையைப் பிடித்தாள்.

"டாக்டர்கிட்ட ஒண்ணு சொல்லலம்மா."

"என்ன?"

"அன்னிக்கு விருந்தாளிங்க காதுல சத்தம் விழக் கூடாதுன்னு சொல்லியிருந்தாங்க. கையையும் காலையும் மட்டும் கட்டினா பத்தாதுல்ல."

அவள் தன் வாயைத் தொட்டுக் காட்டினாள்.

"துணியை வெச்சு அடைச்சு, மேலயும் கட்டினேன். இருபத்தொன்பதாம் தேதி நான்தான் அதை எடுத்தேன். அஞ்சு நாளும் அவ வாயிலேருந்து ஒரு சத்தம் வெளிய வரல. அவ கத்தினதை யாரும் கேட்டதே இல்ல, வெனிங்."

பஸ் வந்து நின்றது.

"வியாழக்கிழமைதான் மொத தடவை."